உரிக்காத தேங்காய்

தென்னந்தோப்பை ஒட்டிய வீட்டில் வளர்ந்தவர்களுக்கு நள்ளிரவில் 'தொம்' என்று கேட்கும் சத்தம் புதிதல்ல. நெற்று விழுந்திருக்கும். அறுபது அடி உயரத்திலிருந்து விழுந்த காய். காலையில் எடுத்துக் காதோரம் ஆட்டிப் பார்த்தால் உள்ளே தண்ணீர் சளசளக்கும். ஓட்டில் ஒரு கீறல் இராது. அதே காயை உரித்துப் பிள்ளையார் கோயில் வாசலில் சிதறுகாய் போட்டால் சில்லுச் சில்லாகத் தெறிக்கிறது. சிறுவர்கள் பொறுக்க ஓடுகிறார்கள்.

தோப்பில் மண்தரை, கோயிலில் கருங்கல், அதனால்தான் என்று நீங்கள் மடக்கலாம். சிமெண்டுக் களத்தில் விழுந்த காய்களையும் பார்த்திருக்கிறேன். மட்டையோடு விழுந்தவை பெரும்பாலும் தப்பித்துக்கொள்கின்றன. வேகத்திலும் பெரிய வித்தியாசம் கிடையாது. அறுபது அடியிலிருந்து விழும் காய் தரையைத் தொடும்போது மணிக்கு 65 கிலோமீட்டருக்கு மேல் போகிறது. கையை ஓங்கி எறியும் காய் அதைத் தாண்டுவது அரிது. அதே ஓடு, அதே பருப்பு, ஏறத்தாழ அதே வேகம். நடுவில் காணாமற்போனது இரண்டு மூன்று விரற்கடை நார் மட்டும்.

அந்த நார் என்ன செய்தது என்ற கேள்வியைப் பின்தொடர்ந்து போனால், பொதுச் சுகாதாரத்தில் அதிகம் பேசப்படாத ஒரு துறையின் வாசலுக்கு வந்துசேர்வோம். காயத் தடுப்பு என்று அதைச் சொல்லலாம். தமிழில் காயம் என்றால் உடம்பு என்றும் பொருள், அடிபட்ட புண் என்றும் பொருள். இந்தத் துறைக்கு இரண்டு பொருளுமே பொருந்துகின்றன.

இது சின்னத் துறை அல்ல. உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கில் ஆண்டுக்கு 44 லட்சம் பேர் காயங்களால் இறக்கிறார்கள். காசநோய், மலேரியா, எச்.ஐ.வி. மூன்றும் சேர்ந்து கொல்வதைவிட இது அதிகம். இந்தியச் சாலைகளில் மட்டும் 2022இல் இறந்தவர்கள் 1,68,491 பேர். தமிழ்நாட்டில் 17,884 பேர். நாளொன்றுக்கு 49 பேர், அதாவது ஒரு நகரப் பேருந்தின் இருக்கைகள் நிரம்பும் அளவு. காலராவில் தினமும் 49 பேர் இறந்தால் ஊரே அமளிப்படும். சாலையில் இறந்தால் 'அதிவேகமாகவும் அஜாக்கிரதையாகவும் ஓட்டி வந்து' என்று காவல் நிலையத்தில் எழுதி முடித்துவிடுகிறோம். வீட்டில் 'விதி' என்கிறார்கள். நிலையத்தாரும் வீட்டாரும் சொல்வது வேறுவேறு போலத் தெரிந்தாலும் இரண்டிலும் அடுத்த சாவைத் தடுக்க ஒரு வழியும் இல்லை.

சரி, நாருக்கு வருவோம்.

கட்டட வேலை நடக்கும் இடத்தில் கீழேயிருந்து ஒருவர் செங்கல்லை மேலே தூக்கிப் போட, சாரத்தில் நிற்பவர் பிடிப்பதைக் கவனித்திருப்பீர்கள். கையை விறைப்பாக நீட்டிக்கொண்டு யாரும் பிடிப்பதில்லை. கல் உள்ளங்கையைத் தொட்டதும் கை கல்லோடு சேர்ந்து சிறிது தூரம் பயணம் செய்து, பிறகுதான் நிற்கிறது. ஓடுகிற பொருள் எதுவும் ஆற்றலைச் சுமந்துகொண்டு ஓடுகிறது. நிற்க வேண்டுமானால் அந்தச் சுமையை இறக்கியாக வேண்டும். ஒரு சாண் தூரத்தில் மெதுவாக இறக்கினால் கை தாங்கும். ஒரு நூல் தூரத்தில் இறக்கினால் எலும்பு விரிசல்விடும். சுமை இரண்டிலும் ஒன்றுதான். இறக்கக் கிடைக்கும் இடத்தை நிறுத்தத் தூரம் என்று சொல்லிக்கொள்வோம். தூரம் பத்து மடங்கானால் உடம்பின் மேல் விழும் விசை பத்தில் ஒன்றாகக் குறையும்.

தென்னை மட்டையின் நார் நசுங்குகிறது. நசுங்கும் அந்த இரண்டு விரற்கடைதான் ஓட்டுக்குக் கிடைக்கும் நிறுத்தத் தூரம். உரித்த காய்க்கு அது இல்லை.

சுமை எவ்வளவு என்பதை அறிய உங்கள் வண்டியின் ஸ்பீடோமீட்டரைக் கிலோமீட்டரில் படிக்காமல் உயரத்தில் படித்துப் பாருங்கள். மணிக்கு 20 கிலோமீட்டரில் போய் எதன்மேலாவது மோதுவது 5 அடியிலிருந்து விழுவதற்குச் சமம். 40 என்றால் 20 அடி, அதாவது ஒரு மாடி வீட்டின் மொட்டைமாடி. 60 என்றால் 46 அடி. 80 என்றால் 80 அடியைத் தாண்டிவிடுகிறது, நெடுந்தென்னையின் உச்சி. வேகம் இரு மடங்கானால் உயரம் நான்கு மடங்காகிறது. வேகத்துக்கு மனிதர்கள் ஏமாறுவது இதனால்தான். மொட்டைமாடியின் விளிம்பில் கைப்பிடிச் சுவர் இல்லாமல் நிற்கச் சொன்னால் வயிறு கலங்கும். அதே மனிதர் கடைத்தெருவில் நாற்பதில் போகும்போது செல்போனை எடுத்துப் பார்க்கிறார்.

நிறுத்தத் தூரத்தின் மதிப்பை உடம்பில் வாங்கி உணர்ந்தவர் ஹ்யூ டி ஹேவன் என்ற அமெரிக்கர். 1917இல் விமானிப் பயிற்சியில் இருந்தபோது நடுவானில் இன்னொரு விமானத்தோடு மோதி விழுந்தார். கால்கள் முறிந்தன, கல்லீரல் கிழிந்தது, ஆனால் பிழைத்தார். எல்லோரும் அதிர்ஷ்டம் என்றார்கள். மாதக்கணக்கில் மருத்துவமனையில் படுத்திருந்தவருக்கு அந்தச் சொல் உறுத்தியது. வயிற்றில் பட்ட காயம் எங்கே இருந்தது என்று யோசித்தார். இடுப்பு வாரின் கொக்கி இருந்த அதே இடம். கூர்மையான கொக்கி. அப்படியென்றால் காயத்துக்கு ஒரு வடிவமைப்பாளர் இருக்கிறார். கொக்கியை வேறு விதமாகச் செய்திருந்தால் காயமும் வேறு விதமாக இருந்திருக்கும்.

பிற்பாடு அவர் மிக உயரத்திலிருந்து விழுந்தும் பிழைத்தவர்களைத் தேடிப் போனார். பத்திரிகைச் செய்திகளில் 'அதிசயம்' என்று வந்தவர்களை ஒவ்வொருவராக விசாரித்தார். 50 முதல் 150 அடி வரை விழுந்து பிழைத்த எட்டுப் பேரைப் பற்றி 1942இல் கட்டுரை எழுதினார். ஒருவர் விழுந்தது 144 அடி. அவர் விழுந்த இடத்தில் தகரத்தால் செய்த ஒரு காற்றுப்போக்கிப் பெட்டி இருந்தது. அது ஓர் அடிக்குக் குறையாமல் உள்ளே அமுங்கியிருந்தது. இன்னொருவர் விழுந்த மண்ணில் பள்ளம் விழுந்திருந்தது. அதிசயத்தின் அளவை டேப்பை வைத்து அங்குலத்தில் எடுத்துவிட்டார் மனிதர். தன் வீட்டுச் சமையலறையிலேயே பஞ்சுத் திண்டின் மேல் கோழிமுட்டைகளைப் போட்டுச் சோதித்தார் என்பதும் பதிவாகியிருக்கிறது. எத்தனை முட்டைக்குப் பிறகு வீட்டார் பொறுமை இழந்தார்கள் என்பது பதிவாகவில்லை.

சரியாகக் கட்டி வைத்தால் உடம்பு எவ்வளவு தாங்கும்? அமெரிக்க விமானப்படை மருத்துவர் ஜான் பால் ஸ்டாப் தன்னையே கட்டிவைத்துப் பார்த்தார். 1954 டிசம்பர் 10 அன்று தண்டவாளத்தில் ஓடும் ராக்கெட் வண்டியில் மணிக்கு 1,017 கிலோமீட்டர் வேகத்தை எட்டி, 1.4 நொடியில் நின்றார். அந்தக் கணத்தில் உடம்பின் ஒவ்வோர் அங்கமும் தன் எடையைப் போல் 46 மடங்கு கனத்தது. கண்ணில் இரத்தம் கட்டிச் சிறிது நேரம் பார்வை தெரியவில்லை. பிறகு தெளிந்தது. அதற்குப் பின் 45 ஆண்டுகள் வாழ்ந்து 89ஆம் வயதில் இறந்தார். இன்றைய காரில் நாம் மாட்டும் மூன்று முனை வாரை ஸ்வீடன் பொறியாளர் நில்ஸ் போலின் 1959இல் வோல்வோவுக்காக அமைத்தபோது, உடம்பை எங்கே பிடித்தால் தாங்கும் என்ற கேள்விக்கு இப்படிப்பட்டவர்கள் ஏற்கெனவே பதில் தேடி வைத்திருந்தார்கள்.

இதுவரை சொன்னது இயற்பியல். இதைப் பொதுச் சுகாதாரமாக மாற்றிய திருப்பம் வேறு இடத்தில் நடந்தது.

மலேரியா என்ற சொல்லுக்கு இத்தாலிய மொழியில் கெட்ட காற்று என்று பொருள். சதுப்பு நிலத்துக் காற்று பட்டால் காய்ச்சல் வரும் என்று நூற்றாண்டுக் கணக்கில் நம்பினார்கள். முழுப் பொய் என்று சொல்ல முடியாது. சதுப்புக்கும் காய்ச்சலுக்கும் தொடர்பு உண்டு. ஆனால் காற்றை என்ன செய்ய முடியும்? 1897இல் செகந்தராபாத்தில் ரொனால்டு ராஸ் கொசுவின் வயிற்றுக்குள் கிருமியைப் பார்த்த பிறகுதான் கையில் பிடி கிடைத்தது. கிருமி ஒன்று, அதைச் சுமக்கும் கொசு ஒன்று. தண்ணீரைத் தேங்கவிடாதே, வலை கட்டு, மருந்து கொடு என்று எத்தனை இடங்களில் வேண்டுமானாலும் சங்கிலியை அறுக்கலாம்.

காயங்களுக்கு 'அஜாக்கிரதை' என்பதுதான் நம் கெட்ட காற்று. காயத்துக்குக் கிருமி எது? ஹார்வர்டில் நோய்ப்பரவியல் கற்பித்த ஜான் கார்டன் 1949இலேயே, காயங்கள் நோய்களைப் போலவே பருவம் பார்த்து, வயது பார்த்து, இடம் பார்த்து வருகின்றன என்று காட்டியிருந்தார். கிருமியை மட்டும் அவரால் சுட்ட முடியவில்லை. ஏணி, கார், கத்தி என்று அது ஆளுக்கொரு முகம் காட்டியது. 1961இல் ஜேம்ஸ் கிப்சன் என்ற உளவியலாளர் முடிச்சை அவிழ்த்தார். கிருமி ஒன்றே ஒன்றுதான்: ஆற்றல். மோதும் ஆற்றல், சுடும் ஆற்றல், மின்சாரம், இரசாயனம், கதிர்வீச்சு. உடம்பு தாங்கும் அளவுக்கு மேல் அது உள்ளே பாய்ந்தால் காயம். காரும் கொதிக்கும் அண்டாவும் மின்கம்பியும் வெறும் கொசுக்கள். தண்ணீரில் மூழ்குவதை என்ன செய்வது என்று கேட்பவர்களுக்கு மருத்துவர் வில்லியம் ஹாடன் பதில் வைத்திருந்தார்: உடம்புக்குத் தேவையானது, அங்கே உயிர்வளி, வராமல் போவதும் அதே குடும்பம்தான்.

ஹாடன் பொறியியலும் மருத்துவமும் அறிந்தவர். 1966இல் அமெரிக்க அரசு சாலைப் பாதுகாப்புக்கென்று அமைப்பு ஏற்படுத்தியபோது அதன் முதல் தலைவர். அவர் போட்டுக் காட்டிய கட்டம் இன்றும் இத்துறையின் வாய்ப்பாடு. மோதலுக்கு முன், மோதும்போது, மோதிய பின் என்று நேரத்தை மூன்றாகப் பிரித்தார். மனிதர், வண்டி, சுற்றுப்புறம் என்று காரணிகளைப் பிரித்தார். ஒன்பது அறைகள். நாம் 'கவனமாக ஓட்டு' என்று எழுதி வைக்கும் பலகைகள் எல்லாம் இதில் ஒரே ஓர் அறைக்குள் அடங்கிவிடுகின்றன: மோதலுக்கு முன், மனிதர். மற்ற எட்டையும் அவை தொடுவதில்லை. தமிழ்நாட்டில் 2021 டிசம்பரில் தொடங்கிய 'இன்னுயிர் காப்போம்' திட்டம், அடிபட்டவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சையை அரசு செலவில் தருகிறது. அது மோதிய பின் என்ற வரிசையில் வருகிறது. 108 ஆம்புலன்ஸும் அங்கேதான்.

ஹாடன் 1970இல் புலிகள் தப்பிப்பதைப் பற்றி ஒரு குறுங்கட்டுரை எழுதினார். ஆற்றல் ஒரு புலி. புலியை வளர்க்காதே, வளர்த்தால் கூண்டில் வை, திறந்துவிட்டால் ஆள் நடமாடாத நேரத்தில் விடு, நடுவே அகழி வெட்டு, நகத்தை மழுக்கு, ஆளுக்குக் கவசம் கொடு, கடிபட்டால் உடனே கட்டுப் போடு. இப்படிப் பத்து வழிகள். கடித்தது புலியின் தவறா, கடிபட்டவரின் தவறா என்ற விசாரணை பத்தில் எங்கும் வரவில்லை.

இதற்கு நான் அறிந்த மிக அழகான உதாரணம் அமெரிக்காவில் இல்லை, பக்கத்தில் இலங்கையில் இருக்கிறது.

மின்சாரம் எட்டாத வீடுகளில் காலிப் போத்தலில் மண்ணெண்ணெய் ஊற்றி, மூடியில் துளையிட்டுத் திரி போட்டு எரிப்பார்கள். குப்பி விளக்கு. உள்நாட்டுப் போரின்போது 1990களில் யாழ்ப்பாணத்தில் மின்சாரமும் இல்லை, மண்ணெண்ணெயும் கிடைக்கவில்லை. ஜாம் போத்தலுக்குள் சொட்டு எண்ணெயும் பஞ்சும் வைத்து அந்த வெளிச்சத்தில் ஒரு தலைமுறை படித்தது. இப்படிப்பட்ட விளக்குகளில் உயரமான, ஒல்லியான போத்தலில் செய்தவைதான் எமன். பூனை உரசினாலும் குழந்தை கை நீட்டினாலும் கவிழும், கவிழ்ந்தால் உருளும், உருண்டால் உடையும், உடையாவிட்டாலும் மூடி கழன்று எண்ணெய் கொட்டும். அடுத்து நெருப்பு.

அறுவை மருத்துவர் விஜய கொடகும்புர இப்படித் தீக்காயப்பட்டு வருபவர்களைப் பார்த்துப் பார்த்து அலுத்துப்போனார். தாய்மார்களிடம் 'கவனமாக இருங்கள்' என்று சொல்வதைவிட விளக்கைத் திருத்துவது மேல் என்று முடிவு செய்தார். மார்மைட் போத்தலைப் பார்த்திருக்கிறீர்களா? குள்ளமாக, தொந்தியும் தொப்பையுமாக, தள்ளினாலும் விழாமல் உட்கார்ந்திருக்கும். அவருக்கு யோசனை வந்தது அதிலிருந்துதான். குட்டையாக, கனமாகச் செய்தால் எளிதில் கவிழாது. இரண்டு பக்கம் தட்டையாக இருந்தால் கவிழ்ந்தாலும் உருளாது. கண்ணாடி தடிமனாக இருந்தால் விழுந்தாலும் உடையாது. உலோக மூடி திருகி மூடுவதாக இருந்தால் படுத்துக் கிடந்தாலும் எண்ணெய் கொட்டாது. புலிக்கு நான்கு கூண்டு, ஒன்றுக்குள் ஒன்றாக. விலையும் ஏழைக்கு எட்டியது. 1998இல் ரோலெக்ஸ் விருது கிடைத்தது. விளக்குகள் லட்சக்கணக்கில் வீடுகளுக்குப் போயின. பின்னாளில் அந்நாட்டில் அநேகமாக எல்லா வீட்டுக்கும் மின்சாரம் வந்துவிட்டது. புலியை வளர்க்காதே என்ற முதல் வழி அது.

இந்த விளக்கு கேட்காத ஒன்றைக் கவனியுங்கள். அது யாருடைய ஜாக்கிரதையையும் கேட்கவில்லை. தூக்கக் கலக்கத்தில் தட்டிவிட்டாலும் காப்பாற்றும். இதைத் தானே காக்கும் காப்பு எனலாம். இதற்கு எதிர்ப்பக்கம் இருப்பது செய்து பெறும் காப்பு: ஒவ்வொரு முறையும் நினைவு வைத்து, கை நீட்டி, நாமே செய்ய வேண்டியது. களைத்துப்போன கூலித் தொழிலாளிக்கும் காய்ச்சல் பிள்ளையை இடுப்பில் வைத்திருக்கும் தாய்க்கும் எது உதவும் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. கைவிட்ட ஆழ்துளைக் கிணற்றின் வாயை அடைத்தே ஆக வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2010இல் விதித்ததும் இந்த வகைதான். இரண்டு வயதுக் குழந்தையிடம் ஜாக்கிரதையை எதிர்பார்க்க முடியாது. இரும்பு மூடியிடம் எதிர்பார்க்கலாம்.

'இதெல்லாம் சும்மா, சாகிறவர் எப்படியும் சாவார்' என்று சொல்பவர்கள் உண்டு. அவர்களுக்கும் இலங்கையிலேயே பதில் இருக்கிறது. 1995 வாக்கில் உலகிலேயே தற்கொலை விகிதம் மிக அதிகமான நாடுகளில் அதுவும் ஒன்று. லட்சத்துக்கு ஏறத்தாழ 47 பேர். வயலுக்கு வாங்கிய பூச்சிமருந்து வீட்டு மூலையில் இருந்ததுதான் பெரும் காரணம். மனவேதனை உச்சத்தில் இருக்கும் நேரம் பல சமயம் மிகக் குறுகியது. அந்த நேரத்தில் கைக்கு எட்டுவது எது என்பதே வாழ்வையும் சாவையும் பிரிக்கிறது. அரசு மிகக் கொடிய மருந்துகளை ஒவ்வொன்றாகத் தடைசெய்தது. 1995க்கு அடுத்த இருபது ஆண்டுகளில் விகிதம் சுமார் 70 விழுக்காடு இறங்கியது. பிழைத்த உயிர்கள் ஏறத்தாழ 93,000 என்று ஆய்வாளர்கள் மதிப்பிட்டிருக்கிறார்கள். ஒன்று இல்லாவிட்டால் இன்னொன்று என்று எல்லோரும் போய்விடவில்லை. விளைச்சலும் குறையவில்லை, அதையும் கணக்கெடுத்துப் பார்த்தார்கள்.

இனி நம் தலைக்கு வருவோம், அதாவது ஹெல்மெட்டுக்கு.

1935 மே மாதம் 'அரேபியாவின் லாரன்ஸ்' என்று புகழ்பெற்ற டி.இ. லாரன்ஸ் இங்கிலாந்தில் மோட்டார் சைக்கிளிலிருந்து தூக்கி எறியப்பட்டு, தலையில் அடிபட்டு, ஆறு நாள் நினைவின்றிக் கிடந்து இறந்தார். பார்த்த மருத்துவர்களில் நரம்பியல் அறுவை நிபுணர் ஹ்யூ கெய்ர்ன்ஸ் ஒருவர். அவர் அதை அத்தோடு விடவில்லை. இரண்டாம் உலகப் போரின் முதல் 21 மாதங்களில் பிரிட்டனில் 2,279 மோட்டார் சைக்கிள்காரர்கள் இறந்ததை 1941இல் எடுத்துக்காட்டினார். ஹெல்மெட் அணிந்து விழுந்தவர்கள் அவருக்குக் கிடைத்தது ஏழே பேர். ஏழு பேருக்கும் அடி லேசானது. ஏழை வைத்து எதையும் நிரூபிக்க முடியாதுதான். ஆனாலும் ராணுவம் கேட்டது. அவ்வாண்டு நவம்பரில் ராணுவ ஓட்டுநர்களுக்கு ஹெல்மெட்டைக் கட்டாயமாக்கியது.

ஹெல்மெட்டில் வேலை செய்வது வெளியே பளபளக்கும் ஓடு என்று பலர் நினைக்கிறார்கள். உள்ளே ஒட்டியிருக்கும் தெர்மோகோல்தான் தென்னை நார். மண்டை நேராகத் தார்ச்சாலையில் மோதினால் சில மில்லிமீட்டரில் நிற்க வேண்டும். தெர்மோகோல் நசுங்கினால் ஓர் அங்குலம் கிடைக்கும். ஸ்பாஞ்ச் போல மீண்டு எழும்பாமல் நசுங்கியபடியே கிடப்பதுதான் அதன் நல்ல குணம். வாங்கிய ஆற்றலைத் திருப்பிக் கொடுப்பதில்லை. ஆகவே ஒருமுறை பலமாக அடிபட்ட ஹெல்மெட்டை, வெளியே கீறல் இல்லையென்றாலும், தூக்கிப் போட வேண்டியதுதான். சாலையோரம் குவித்து விற்கும், உள்ளே ஸ்பாஞ்ச் மட்டும் வைத்த தொப்பி, உரித்த தேங்காய்க்கு வர்ணம் பூசியது போன்றது. 2021 ஜூன் 1 முதல் ஐ.எஸ்.ஐ. முத்திரையில்லாமல் விற்பது சட்டப்படி குற்றம்.

அறுபதில் போனால் 46 அடி என்று சொன்னாயே, ஓர் அங்குலம் எப்படித் தாங்கும்? நியாயமான கேள்வி. வண்டியிலிருந்து விழுபவரின் தலை பல சமயம் ஐந்தடி உயரத்திலிருந்து சாலையில் இறங்குகிறது. மீதி வேகம் சறுக்குவதில் தேய்கிறது. அந்த ஐந்தடிக்குத்தான் ஹெல்மெட். லாரியின் பின்பக்கத்தில் நேராகப் போய் மோதினால் எந்த ஹெல்மெட்டும் போதாது. அதற்குப் பதில் வேகத்திலும் சாலையிலும் இருக்கிறது.

ஹெல்மெட் காக்கிறது என்பது எப்படித் தெரியும்? அணிந்தவர்கள் குறைவாகச் சாகிறார்கள் என்று காட்டினால் போதாது. அணிபவர் இயல்பிலேயே நிதானமாக ஓட்டுபவராக இருக்கலாமே? இந்தச் சிக்கலை அவிழ்க்க அமெரிக்காவில் லியோனார்ட் எவன்ஸ் என்ற இயற்பியலாளர் ஒரு நல்ல தந்திரம் செய்தார். ஒரே வண்டியில் இருவர். ஒருவர் தலையில் ஹெல்மெட், மற்றவர் வெறுந்தலை. வண்டி ஒன்று, வேகம் ஒன்று, மோதல் ஒன்று. முன் இருக்கைக்கும் பின் இருக்கைக்கும் உள்ள வித்தியாசத்தைக் கழிக்க, இருவருமே ஒரே மாதிரி இருந்த வண்டிகளை ஒப்பிட்டுக்கொண்டார். இதை இரட்டைச் சவாரி ஒப்பீடு எனலாம். இந்த வழியில் அமெரிக்கச் சாலைப் பாதுகாப்பு அமைப்பு பின்னர் போட்ட கணக்கு: ஓட்டுபவருக்குச் சாவு 37 விழுக்காடு குறைகிறது, பின்னால் இருப்பவருக்கு 41.

இந்த ஒப்பீட்டைப் பற்றி முதலில் படித்தபோது எனக்கு நம்மூர் சிக்னல்தான் நினைவுக்கு வந்தது. முன்னால் கணவர், போலீஸுக்குப் பயந்து ஹெல்மெட். பின்னால் ஒரு பக்கமாக உட்கார்ந்த மனைவி, தலையில் மல்லிகைப்பூ. நடுவில் பள்ளிச் சீருடையில் ஒரு பிள்ளை. அமெரிக்கர்கள் பதிவேடுகளில் துழாவி எடுத்த ஜோடிகளை நாம் தினமும் தெருவில் அனுப்பிவைக்கிறோம்.

வியட்நாமும் நம்மைப் போல் இருசக்கர நாடு. அங்கே ஹெல்மெட்டுக்கு 'ரைஸ் குக்கர்' என்று கேலிப் பெயர் வைத்து அணிய மறுத்தார்கள். 2007 டிசம்பர் 15 அன்று நாடு முழுக்கக் கட்டாயமாக்கினார்கள். ஓட்டுபவர், பின்னால் இருப்பவர், எல்லாச் சாலை, ஒரே நாள். பத்தில் ஒன்பது பேருக்கு மேல் அணிந்தார்கள். முதல் மூன்று மாதங்களில் மருத்துவமனைகளைக் கணக்கெடுத்தபோது, சாலையில் அடிபட்டு வந்தவர்களில் தலைக்காயத்தின் வாய்ப்பு 16 விழுக்காடும் சாவின் வாய்ப்பு 18 விழுக்காடும் குறைந்திருந்தன. தமிழ்நாட்டில் 2015 ஜூலை 1 முதல் உயர் நீதிமன்ற உத்தரவால் கட்டாயம் வந்தது; அன்று ஹெல்மெட் கடைகளில் வரிசை நின்றது. பிறகு ஹெல்மெட் தலையிலிருந்து பெட்ரோல் டேங்குக்கும் முழங்கைக்கும் இறங்கியது. முழங்கைக்குக் காப்பு நன்றாகவே கிடைக்கிறது. தலையில் வைத்தும் தாடை வாரைப் பூட்டாதவர்களை என்ன சொல்ல? மோதலின் முதல் உலுக்கலிலேயே அது தனியாகப் பறந்துவிடும்.

செய்து பெறும் காப்பின் பலவீனம் இது. ஆகவே இத்துறையில் உள்ளவர்கள் ஹெல்மெட்டோடு நிற்பதில்லை. 1997இல் ஸ்வீடன் நாடாளுமன்றம் சாலைச் சாவு பூஜ்யம் என்பதையே இலக்காக ஏற்றது. மனிதர் தவறு செய்யத்தான் செய்வார், அந்தத் தவறுக்கு மரண தண்டனை கிடைக்காதபடி சாலையைப் போடு என்பது அதன் அடிப்படை. சராசரி வேகம் ஒரு விழுக்காடு கூடினாலே உயிர்பறிக்கும் மோதல்களின் வாய்ப்பு நான்கு விழுக்காடு கூடுகிறது என்பது உலக சுகாதார நிறுவனம் சொல்லும் கணக்கு. பள்ளிக்கூட வாசலில் ஒழுங்காகப் போட்ட ஒரு வேகத்தடை, நூறு விழிப்புணர்வு ஊர்வலத்துக்குச் சமம் என்பது என் கணக்கு.

பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல் 2001இல் தன் பக்கங்களில் 'விபத்து' என்ற சொல்லையே வேண்டாம் என்று விலக்கியது. முன்கூட்டித் தெரியாதது, தடுக்க முடியாதது என்ற தொனி அந்தச் சொல்லில் இருக்கிறதாம். நம்மிடம் அது நடக்குமா தெரியாது. சொல்லை மாற்றாமல் மூடியை மாற்றினாலும் எனக்குச் சம்மதமே.

கடைசியாக, அந்தச் சிக்னல் குடும்பத்துக்கு வருவோம். மோட்டார் வாகனச் சட்டப்படி நான்கு வயதுக்கு மேற்பட்ட எவர் இருசக்கர வண்டியில் ஏறினாலும் தலையில் ஹெல்மெட் இருக்க வேண்டும். பின்னால் அமரும் மனைவிக்கும் நடுவில் அமரும் பிள்ளைக்கும் இது சேரும். அதற்குக் கீழே, ஒன்பது மாதம் முதல் நான்கு வயது வரையுள்ள குழந்தைகளுக்கு ஹெல்மெட்டோடு, ஓட்டுபவருடன் பிணைக்கும் வாரும் வேண்டும் என்று 2023 பிப்ரவரி முதல் விதி இருக்கிறது. குழந்தையை ஏற்றிய வண்டி மணிக்கு 40 கிலோமீட்டரைத் தாண்டக் கூடாது என்றும் அதே விதி சொல்கிறது. நாற்பது என்றால் 20 அடி, ஒரு மாடி வீட்டின் மொட்டைமாடி.